ஒன்றும் செய்யாத ஷாம்பு

நாற்பதைத் தாண்டும்வரை அவளுக்கு அமைதி என்ற ஒன்று வாய்க்கவில்லை. பிறந்து வளர்ந்த வீடு ஒரு மாவு மில்லின் மாடியில் இருந்தது. மில் ஓடினால் தம்ளரில் தண்ணீர் நடுங்கும். அப்பா அம்மாவிடம் ஆசையாக ஒரு வார்த்தை சொல்ல வேண்டுமென்றாலும் கத்தித்தான் சொல்ல வேண்டும். அதனால் அந்த வீட்டில் எது சண்டை, எது சமாதானம் என்று பிள்ளைகளுக்குக் கடைசிவரை பிடிபடவில்லை. பிறகு கல்யாணம். மாப்பிள்ளை பேருந்து நிலையத்தில் அறிவிப்பாளர். முதன்முதலாக வீட்டுக்கு வந்த அன்று அவர் “எனக்குச் சம்மதம்” என்று சொன்னது, கீழே மாவு அரைக்க நின்றவர்களுக்கெல்லாம் கேட்டது. அவர்களும் சந்தோஷப்பட்டார்கள்.

வேலை என்று கிடைத்ததும் ஒரு வாடகைக் கார் நிறுவனத்தில், புகார் கேட்கும் தொலைபேசி முன்னால். கார் வரவில்லை, வந்த காரில் ஏசி இல்லை, ஓட்டுநருக்கு வழி தெரியவில்லை, வழி தெரிந்த ஓட்டுநர் வாயை மூடவில்லை. எல்லாரும் எடுத்த எடுப்பில் உச்சத்தில்தான் தொடங்குவார்கள். அவள் எல்லாருக்கும் ஒரே குரலில், தண்ணீர் ஊற்றுவதுபோல, “மன்னிச்சிருங்க சார், இதோ பாக்கறேன்” என்று சொல்வாள். திட்ட ஆரம்பித்தவர்கள் பாதியில் எதற்குத் திட்டுகிறோம் என்று மறந்துவிடுவார்கள். அந்தக் குரலுக்காகவே அவளை அந்த நாற்காலியிலிருந்து யாரும் எழுப்பவில்லை.

ஒருநாள் ஸ்டோர் பொறுப்பாளர் மகனோடு இருக்கப்போகிறேன் என்று வேலையை விட்டுப் போனார். மேனேஜர் வந்து அவள் மேசையில் ஒரு சாவிக்கொத்தை வைத்தார்.

“ஏம்மா, ஆள் கிடைக்கிற வரைக்கும் ஸ்டோரக் கொஞ்சம் பாத்துக்கங்க.”

ஸ்டோர் என்பது காம்பவுண்டின் பின்பக்கம், ஜன்னல் இல்லாத ஓர் அறை. வைப்பர், பல்பு, ஆயில் ஃபில்டர், சீட் உறை, மூலையில் ஒரு ஸ்டூல். கதவு தடித்த இரும்பு. முதல் நாள் அவள் உள்ளே போய்க் கதவைச் சாத்தியதும் ஏதோ சத்தம் கேட்டது. யாரோ உள்ளே ஒளிந்திருக்கிறார்கள் என்று ஒரு கணம் பயந்துபோனாள். பிறகுதான் அது தன்னுடைய மூச்சு என்று தெரிந்தது. ஸ்டூலில் உட்கார்ந்து அதையே கேட்டுக்கொண்டிருந்தாள். வெளியே வந்தபோது சாவிக்கொத்தை இடுப்பில் செருகியிருந்தாள். இனி இதை யாருக்கும் கொடுப்பதில்லை என்று அவள் முடிவெடுத்தது அப்போதுதான்.

கொடுக்கவேண்டிய நிலைமை சீக்கிரமே வந்தது.

அந்த நிறுவனத்தின் கார்கள் எல்லாம் கறுப்பு. கௌரவமாக இருக்கும் என்று முதலாளி மொத்தமாக அப்படி வாங்கியிருந்தார். கறுப்புக் காரும் வெள்ளைச் சட்டையும் ஒன்று. வைத்திருப்பவனை நிம்மதியாக இருக்க விடாது. நிழலில் நின்றால் ராஜா மாதிரி இருக்கும் கார், வெயிலுக்கு வந்தால் உடம்பெல்லாம் வட்ட வட்டமாக மெல்லிய கீறல்களைக் காட்டியது. பெரிய ஹோட்டல் ஒன்று தன் விருந்தாளிகளுக்கு இங்கேதான் கார் எடுத்துக்கொண்டிருந்தது. அங்கிருந்து வந்த ஒருவர் பானெட்டைப் பார்த்துவிட்டு, “உள்ள சிலந்தி இருக்கா, இல்ல வலை மட்டும்தானா?” என்று கேட்டுவிட்டுப் போனார். மேனேஜர் பாலிஷ் போடுகிற ஆளை வரவழைத்தார். கீறல் போயிற்று. ஒரு மாதம் கழுவியதும் பழைய குருடி கதவைத் திறடி.

மேனேஜர் ஸ்டோருக்கு வந்தார்.

“கழுவறதுக்கு என்ன கண்றாவிய வாங்கிக் குடுக்கறோமோ, அதுதான் பெயிண்டத் தின்னுது. நல்லதாப் பாத்து ஒண்ணு செலக்ட் பண்ணுங்க. ஹோட்டல்காரங்க ஒப்பந்தம் புதுப்பிக்க வரும்போது வண்டி கண்ணாடி மாதிரி இருக்கணும். இருந்தா ஸ்டோர் உங்களுக்கு. இல்லன்னா வேற ஆளப் பாத்துக்கறேன், நீங்க உங்க ஃபோனுக்கே போயிருங்க.”

அவள் இடுப்புச் சாவியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

விற்பனைப் பிரதிநிதிகள் வந்தார்கள். ஒருவர் தன் திரவத்தில் நாணயத்தை முக்கி எடுத்துப் புதுநாணயமாக்கிக் காட்டினார். இன்னொருவர் தார்க்கறையே ஓடிவிடும் என்றார். மூன்றாமவர் நுரையைக் கையில் அள்ளி ஊதினார். அது ஸ்டோர் முழுவதும் பறந்தது. எல்லாமே எதையோ செய்தன. அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது. நாணயத்தை உரிப்பது காரை மட்டும் கொஞ்சுமா?

பள்ளிக்கூட வேதியியலில் அவளுக்கு மிச்சமிருந்தது லிட்மஸ் தாள் மட்டும்தான். அதை வாங்கிவந்தாள். காம்பவுண்டு மூலையில் விபத்தில் நசுங்கிய கார் ஒன்று கிடந்தது. அதன் நல்ல கதவில் சாக்பீஸால் கட்டம் போட்டு, கட்டத்துக்கு ஒரு மாதிரி என்று தடவி, காலையில் வெயிலிலும் மாலையில் நிழலிலும் போய்ப் பார்த்தாள். நாணயத் திரவம் தாளைச் சிவப்பாக்கியது, கதவில் வெளுத்த ஒரு திட்டை விட்டது. நுரைத் திரவம் தாளை நீலமாக்கியது. அதைப் போட்டுக் கழுவிய கட்டத்தில் மெழுகு போய்விட்டது. மற்ற இடத்தில் முத்து முத்தாக உருண்ட தண்ணீர் அங்கே மட்டும் பாய் விரித்துப் படுத்தது. கடைசியாக ஒன்று, பேசவே தெரியாத ஒரு பிரதிநிதி மேசையில் வைத்துவிட்டு ஓடிப்போனது. அதில் தாளும் மாறவில்லை, கதவும் மாறவில்லை. அழுக்கு மட்டும் போயிற்று.

“இது என்னம்மா செய்யும்?” என்றார் மேனேஜர்.

“ஒண்ணும் செய்யாது சார்.”

“ஒண்ணும் செய்யாததுக்கு நான் எதுக்குக் காசு குடுக்கணும்?”

“பெயிண்ட ஒண்ணும் செய்யாது சார். அழுக்க மட்டும் எடுக்கும்.”

“அத முதல்லயே சொல்றதுக்கென்ன!”

வாங்கியாயிற்று. ஆனால் வாங்கியவளும் கழுவுகிறவர்களும் ஒன்றல்ல.

கழுவும் கொட்டகையில் மூன்று பேர். அவர்களில் மூத்தவரை எல்லாரும் தலைவர் என்றார்கள். யாரும் தேர்ந்தெடுக்கவில்லை, அவரே முதலில் தன்னை அப்படிச் சொல்லிக்கொண்டிருக்க வேண்டும். அவருக்கு அழுக்கைப் பற்றி ஒரே ஒரு கொள்கை இருந்தது. நுரை வாளிக்கு வெளியே எட்டிப் பார்க்க வேண்டும். பார்க்காவிட்டால் அது கழுவல் இல்லை, நனைத்தல். புதிய ஷாம்பு வாளியின் மேலே சற்றே வெளுத்து, அவ்வளவோடு அடங்கிவிட்டது.

“என்னக்கா இது, வண்டியக் கழுவவா, பச்சப்புள்ளையக் குளிப்பாட்டவா?” என்றார் தலைவர்.

“இதப் போட்டா வண்டிக்குத் தூக்கம்தான் வரும்” என்றார் இரண்டாமவர்.

“தாலாட்டும் நீங்களே பாடிருங்கக்கா” என்றார் மூன்றாமவர்.

அவள் பொறுமையாகச் சொன்னாள். நுரைக்கும் சுத்தத்துக்கும் சம்பந்தமில்லை. துணி கீழே விழுந்தால் மண்ணை எடுத்துக்கொள்ளும், அந்த மண்தான் கீறுகிறது, அதை மறுபடி வண்டியில் வைக்கக் கூடாது. துணியை அலசத் தனி வாளி வேண்டும். வெயிலில் கழுவினால் காய்ந்து கறை பிடிக்கும். மூவரும் நல்ல பிள்ளைகள்போலத் தலையாட்டினார்கள். தலையாட்டிக்கொண்டிருக்கும்போதே தலைவர் கையிலிருந்த துணி கீழே விழுந்தது. எடுத்தார், ஒரு உதறு உதறினார், பானெட்டில் வைத்துத் தேய்த்தார்.

சில நாள் கழித்து அவள் லிட்மஸ் தாளைக் கொண்டுபோய் அவர்களுடைய வாளியில் நனைத்தாள். நீலம்.

“யாரு துணி பவுடர் போட்டது?”

“பவுடரா?” தலைவர் வாளியை எட்டிப் பார்த்தார். நுரை அவர் முழங்கைவரை இருந்தது. “தண்ணியே அப்படித்தான்க்கா. உப்புத் தண்ணி.”

“உப்புத் தண்ணில எங்கயாவது நுரை வருமா?”

“நல்ல மனசோட கழுவினா வரும்க்கா.”

மேனேஜரிடம் சொல்லலாம். அவர் வந்து கத்துவார். அவர் கத்துவதை அந்தக் கொட்டகை காலங்காலமாகக் கேட்டிருக்கிறது. செவிடன் காதில் ஊதிய சங்கு. பாலிஷ் ஆள் மறுபடி வரப்போகிறார், ஹோட்டல்காரர்கள் அதற்குப் பிறகு வரப்போகிறார்கள். இடையில் இவர்கள் நல்ல மனதோடு கழுவினால், அவள் போய் ஃபோன் முன்னால் உட்கார வேண்டியதுதான்.

வீட்டில் கணவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். வேலை முடிந்து வந்தாலும் அவருக்குக் குரல் மட்டும் இறங்குவதில்லை. “குளியலறையில் இருப்பவர் கவனத்திற்கு” என்று தொடங்கித்தான் மகளைக் கூப்பிடுவார். மகள் காதில் எதையோ மாட்டிக்கொண்டு எப்போதோ தப்பித்துவிட்டாள். அம்மாவுக்கு அந்த வசதியும் இல்லை.

“சொன்னாக் கேக்கவே மாட்டேங்கறாங்கங்க” என்றாள்.

“நீ எப்படிச் சொல்ற?”

“நல்லவிதமாத்தான்.”

“அங்கதான் தப்பு!” தட்டு அதிர்ந்தது. “வண்டி பின்னால வருது, விலகி நில்லுங்கன்னு நானும் நாள் பூரா நல்லவிதமாச் சொல்றேன். ஒருத்தன் நகர மாட்டான். பிக்பாக்கெட் ஜாக்கிரதைன்னு ஒரு தடவ சொல்லிட்டேன்னு வை, மொத்த ஸ்டாண்டும் பின்பக்கத்துல கைய வச்சுக்கிட்டு நிக்கும். நல்லது சொன்னா எவன் கேப்பான்? பயம் காட்டு.”

இத்தனை வருடத்தில் அவர் சொன்னதில் அவள் முழுவதுமாகக் கேட்டது இது ஒன்றைத்தான்.

மறுநாள் ஷாம்புவை எல்லாம் புது வெள்ளைக் கேன்களுக்கு மாற்றினாள். ஒவ்வொன்றிலும் சிவப்பு மையால் ஒரு மண்டை ஓடு வரைந்தாள். கீழே இரண்டு எலும்பு. படம் வரைந்து பழக்கமில்லை. மண்டை ஓடு சற்றே சிரித்த முகமாக வந்துவிட்டது. அதுவே இன்னும் பயமாக இருந்தது. பிறகு மூக்கில் துணியைக் கட்டி, கையில் ரப்பர் உறை மாட்டி, தலைவரைக் கூப்பிட்டு, கதவை ஒரு சாண் மட்டும் திறந்தாள்.

“பழசு உங்களுக்குப் பத்தலன்னு சொன்னீங்க இல்ல? இது வேற.” குரலைத் தாழ்த்தினாள். “மூடி அளவுதான் ஊத்தணும். ஒரு வாளிக்கு ஒரு மூடி. அதுக்கு மேல போச்சு, நான் பொறுப்பில்ல.”

தலைவர் ஒரு அடி பின்னால் போனார். “நுரை வருமாக்கா?”

“கொஞ்சமா வரலாம். வாளியத் தாண்டி வந்துச்சுன்னா எல்லாத்தையும் போட்டுட்டு வெளிய ஓடிருங்க.”

“பவுடர்…”

“பவுடரா!” அவள் கண்ணை மூடிக்கொண்டாள். “வேண்டாம். அத மட்டும் கேக்காதீங்க. வீட்ல புள்ள குட்டி இருக்கில்ல?”

துணியை அலச இன்னொரு வாளி, ஏனென்றால் அழுக்கோடு சேர்ந்தால் இது கழுவுகிறவர் மேலேயே திரும்பிவிடும். துணி கீழே விழுந்தால் தொடவே கூடாது, மண் பட்டால் இதன் குணம் மாறிவிடும். நிழலில்தான் கழுவ வேண்டும், வெயிலில் ஆவி கிளம்பும். காய்வதற்குள் தண்ணீர் விட்டு அலச வேண்டும், காய்ந்தால் அதைப் பற்றி அவள் பேச விரும்பவில்லை. முன்பு அவள் சொன்ன காரணங்கள் எல்லாம் உண்மை, ஒன்றும் நடக்கவில்லை. இப்போது சொன்ன காரணங்கள் எல்லாம் பொய், எல்லாம் நடந்தது.

நடந்தது என்றால் சாதாரணமாக நடக்கவில்லை. மூவரும் அறுவைச் சிகிச்சைக்குப் போகிறவர்கள் மாதிரி மூக்கைக் கட்டிக்கொண்டு வாளியை நெருங்கினார்கள். மூடியில் ஊற்றுவது தலைவர் மட்டும். மற்ற இருவரும் அப்போது மூச்சை அடக்கிக்கொள்வார்கள். ஒருநாள் துணி கீழே விழுந்துவிட்டது. மூவரும் அதைச் சுற்றி நின்று பார்த்தார்கள். பிறகு இரண்டாமவர் குச்சியால் தூக்கிக் கொண்டுபோய் சுவருக்கு அந்தப் பக்கம் போட்டார். பாலிஷ் ஆள் வந்து பழைய கீறல்களை எடுத்துவிட்டுப் போனார். ஒரு மாதம் போயிற்று. வெயிலில் நிறுத்தினால் பானெட்டில் மேகம் நகர்வது தெரிந்தது. வலையும் இல்லை, சிலந்தியும் இல்லை.

அவள் கதவைச் சாத்திக்கொண்டு ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள். மூச்சு சீராக வந்தது.

வம்பு வேறு பக்கத்திலிருந்து வந்தது. கார் கழுவுவது என்றால் ஊரில் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. விஷத்தோடு வேலை என்றால் பார்க்கிறார்கள். தலைவரின் நடையே மாறிவிட்டது. டீக்கடையில் அவர் தம்ளரைத் தனியாக வைக்கச் சொன்னார், மற்றவர்கள் நன்மைக்காக. மூன்றாமவர் வேலைக்குப் போகும்போது அவருடைய மனைவி தெருமுனைவரை வந்து நின்று பார்க்க ஆரம்பித்தாள். கல்யாணமாகி இத்தனை காலத்தில் அது புதுசு. இந்த மரியாதை எல்லாம் சேர்ந்து, ஹோட்டல்காரர்கள் வருவதற்கு முந்தின நாள், மூவரையும் மேனேஜர் மேசை முன்னால் கொண்டுபோய் நிறுத்தியது.

“எங்களுக்குத் தினமும் ஆளுக்கு ஒரு தம்ளர் பால் வேணும் சார்” என்றார் தலைவர்.

“பாலா? எதுக்கு?”

“விஷம் முறியத்தான். வெளில சொல்லல சார், ஆனா உடம்புன்னு ஒண்ணு இருக்கில்ல.”

“என்ன விஷம்யா?”

தலைவர் மூக்குத் துணியை இறக்கிவிட்டு, அனுதாபத்தோடு அவரைப் பார்த்தார். “உங்களுக்குத் தெரியாதா சார்?”

மேனேஜர் ஸ்டோர்க் கதவைத் தட்டவில்லை, இடித்தார். பின்னால் மூவரும் வந்து நின்றார்கள். அவர் ஒரு கேனைத் தூக்கிப் பார்த்தார். மண்டை ஓடு அவரைப் பார்த்துச் சிரித்தது.

“என்னம்மா இது? நாளைக்கு ஆளுங்க வர்றாங்க, நீங்க வண்டிய ஆசிட் ஊத்திக் கழுவிட்டிருக்கீங்களா? பெயிண்ட் உரிஞ்சு விழுந்தா யாரு பதில் சொல்றது? இவனுங்களுக்கு ஒண்ணு ஆச்சுன்னா யாரு உள்ள போறது? இது விஷமா இல்லையா? இப்பவே சொல்லுங்க!”

அவளுக்குப் பதில் ஒரு வார்த்தை. எந்த வார்த்தையைச் சொன்னாலும் போச்சு. விஷம் என்றால் சாவியை இப்போதே வாங்கிக்கொள்வார். இல்லை என்றால் பின்னால் நிற்கும் மூவரும் இன்றைக்கே துணி பவுடரை எடுப்பார்கள், நாளைக்கு நுரை எட்டிப் பார்க்கும், அடுத்த மாதம் வலை வரும், சாவி அப்போது போகும். இந்தப் பக்கம் போனால் கிணறு, அந்தப் பக்கம் போனால் குளம்.

அவள் வாளியில் தண்ணீர் பிடித்தாள். கேனைத் திறந்து மூடியில் ஊற்றினாள், அளவு பார்த்து, சிந்தாமல். வாளியில் கலக்கினாள். உறை மாட்டாத இரண்டு கையாலும் அள்ளி முகத்தில் அடித்துக் கழுவினாள்.

“ஏம்மா, ஏம்மா!” என்றார் மேனேஜர். மூன்றாமவர் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

நல்ல தண்ணீரில் முகத்தை அலசி, முந்தானையால் துடைத்தாள். மூக்கு இருந்த இடத்திலேயே இருந்தது.

“பாத்துக்கங்க சார்.”

மேனேஜர் அவள் கன்னத்தை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் குனிந்து பார்த்தார். பிறகு கேனைப் பார்த்தார், கொட்டகைப் பக்கம் பார்த்தார், மேகம் நகரும் பானெட்டுகளைப் பார்த்தார். அவருக்கு ஏதோ மெதுவாகப் புரிந்தது. திரும்பி நடந்தார்.

இனி மூவரும் சிரிப்பார்கள் என்று அவள் காத்திருந்தாள். கதவுக்கு வெளியே தலைவர் மற்ற இருவரிடமும் தாழ்ந்த குரலில் பேசுவது கேட்டது.

“பாத்தியா? மூடி அளவு. ஒரு சொட்டு கூடப் போகல. அதான்டா தொழில் தெரிஞ்சவங்க. அளவு தெரிஞ்சா விஷமும் தண்ணிதான்.”

“நமக்கு அப்படி வருமா தலைவரே?”

“நமக்கா? நமக்கு முகம் முக்கியம்டா.”

“அவங்க வீட்டுக்காரர் குரலையே இத்தன வருஷமாத் தாங்கறாங்க. இது எம்மாத்திரம்!”

மறுநாள் ஹோட்டல்காரர்கள் வந்தார்கள். அன்று சிலந்தியைப் பற்றிக் கேட்டவர் பானெட்டில் தன் முகத்தைப் பார்த்துத் தலையைச் சரிசெய்துகொண்டார். ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. பாலுக்கும் உத்தரவாயிற்று. விளக்கிச் சொல்வதைவிடப் பால் மலிவு என்று மேனேஜர் கணக்குப் போட்டிருக்கலாம்.

சாயங்காலம் அவளைக் கூப்பிட்டனுப்பினார். நாற்காலியில் உட்காரச் சொன்னார். அதுவே அவளுக்குக் கலக்கமாக இருந்தது.

“நான் அவனுங்ககிட்ட எவ்வளவு கத்தியிருக்கேன்! ஒரு துணிய மாத்த வைக்க முடியல. நீங்க சும்மா ஒரு ஷாம்புவ வச்சுக்கிட்டு, குரல உசத்தாம, மூணு பேரையும் மூக்கக் கட்ட வச்சுட்டீங்க. இப்படிப்பட்ட ஆள ஸ்டோர்ல போட்டுப் பூட்டி வச்சேன் பாருங்க, என்னச் சொல்லணும்.”

“சார், வண்டி நல்லா இருந்தா ஸ்டோர்…”

“ஸ்டோர விடுங்கம்மா, அது யாரு வேணாலும் பாப்பாங்க. புகார்ப் பிரிவு முழுக்க இனி உங்க பொறுப்பு. ஹோட்டல் லைன், ஏர்போர்ட் லைன், நம்ம லைன், மூணும் உங்க மேசைக்கே வருது. கண்ணாடி ரூம், பேர் போட்ட பலகை. சம்பளமும் பாத்துச் செய்யறேன்.”

“நான் ஸ்டோர்லயே இருந்துக்கறேன் சார். தயவுசெஞ்சு.”

“இதுதான்மா உங்ககிட்ட எனக்குப் பிடிச்சது.” மேனேஜர் நெகிழ்ந்துபோனார். “அடக்கம்.”

கணவர் அன்று இரவு அதைத் தெருவுக்கே அறிவித்தார்.

ஸ்டோர் தலைவருக்குப் போயிற்று. அந்தக் கேன்களை வேறு யாரும் தொடத் தயாராக இல்லை. சாவிக்கொத்தை அவரிடம் கொடுக்கும்போது, குறைந்தபட்சம் ஒரு ஆளுக்காவது உண்மையைச் சொல்லிவிட்டுப் போகலாம் என்று அவளுக்குத் தோன்றியது. இனி அதனால் அவளுக்குப் போகப்போவது ஒன்றுமில்லை.

“தலைவரே, இதுல ஒண்ணுமே கிடையாது. அதே பழைய ஷாம்புதான். கேன மாத்தினேன். மண்டை ஓடு நான் வரைஞ்சது.”

தலைவர் அவளை உற்றுப் பார்த்தார். பிறகு மெல்லச் சிரித்தார்.

“நான் பயந்துருவேன்னு நினைக்கறீங்க.”

“இல்லங்க, சத்தியமா. பச்சப்புள்ளையக் குளிப்பாட்டற மாதிரி ஷாம்பு.”

“சரிக்கா. பச்சப்புள்ளை ஷாம்பு. எவன் கேட்டாலும் அப்படியே சொல்லிடறேன், போதுமா?” அவர் குரல் தழுதழுத்தது. “போற நேரத்துலயும் எங்களுக்காகப் பொய் சொல்றீங்க பாருங்க. நீங்க நிம்மதியாப் போங்க.”

மூக்கில் துணியைக் கட்டிக்கொண்டார். உறையை ஒவ்வொரு விரலாக இழுத்து மாட்டினார். உள்ளே போய் இரும்புக் கதவைச் சாத்திக்கொண்டார்.

மாடியில், கண்ணாடி ரூமில் ஃபோன் அடித்துக்கொண்டிருந்தது. மூன்றில் எது என்று கீழேயிருந்து தெரியவில்லை. அவள் படியேறினாள்.